மலையேறிய கடிகாரம்

கோயமுத்தூரில் எங்கள் தாய்ப்பாட்டனார் இல்லத்துக் கூடத்திலே ஒரு சுவர்க் கடிகாரம் இருந்தது. கொங்கு நாட்டு வழக்கப்படி நாங்கள் அவரை அப்பிச்சி என்றே அழைப்போம். எண்கோணச் சட்டமும், கண்ணாடிக் கதவும், அதனுள்ளே பித்தளைக் குண்டு தாங்கிய மரத்தண்டு ஊசலும் உடைய அக்கடிகாரம், ஞாயிறுதோறும் அப்பிச்சியின் கையால் சாவி கொடுக்கப்பெற்று, மாதத்திற்கு ஒரு நிமிஷத்திற்குமேல் பிசகாமல் ஓடிற்று. பின்னர் என் மாமா உதகமண்டலத்தில் குடியேறியபோது அதனை அவருக்கே அன்பளிப்பாக அளித்தார். மலைக்கு அனுப்புமுன், நகரத்து முதிய கடிகாரக்காரர் ஒருவரிடம் கொடுத்து, எண்ணெயிட்டுப் பத்து நாள் ஓடவிட்டுச் சரிபார்த்து வாங்கினோம்.

மலைக்குச் சென்ற ஒரு மாதத்தில் அஃது ஏழு நிமிஷம் பிந்திவிட்டது. மாமா சினங்கொண்டார். அடுத்தமுறை கீழே வந்தபொழுது, கடிகாரக்காரரைக் கடை வாயிலிலேயே நிறுத்திக் கடிந்துகொண்டார். அம்முதியவர், “கடியாரத்துல ஒரு கோளாறும் இல்லீங்க, இங்கே நல்லாத்தானுங்க ஓடுச்சு. மலைக்குப் போனதுக்கப்புறம் பிந்துச்சுன்னா நான் என்னங்க பண்ணட்டும்?” என்றார், என்றாலும், வாங்கிய கூலியைத் திருப்பிக் கொடுக்க முன்வந்தார். மாமா அதனைப் பெற்றுக்கொண்டார். அப்போது கல்லூரியில் பௌதிகம் பயின்றுகொண்டிருந்த நான் அருகே நின்றும் வாய் திறந்தேனில்லை. அவர் சொன்னது எழுத்துக்கு எழுத்து உண்மை என்பதைச் சில மாதங்கட்குப் பின்னரே கணக்கிட்டு அறிந்தேன். அக்கணக்கையும், அதனைத் தொடர்ந்து சென்றால் எங்கே போய் நிற்போம் என்பதையும் மாணவ நண்பர்கட்கு எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

காலத்தை வளைக்கும் யந்திரங்களைப் பற்றிய கற்பனைக் கதைகளை நீங்கள் பலவாகப் படித்திருப்பீர்கள். ஆங்கில ஆசிரியர் எச். ஜி. வெல்ஸ் 1895-ஆம் ஆண்டு வெளியிட்ட கதை அவ்வகையில் பெயர் பெற்றது. அக்கதையின் யந்திரத்தில், கடந்த நாள்களின் எண்ணிக்கையைக் காட்டும் முகப்புகளும் உள்ளன. கதை படிக்கும் சுவையில் நாம் ஒன்றைக் கேட்க மறந்துவிடுகிறோம். அம்முகப்புகளின் முட்களை அவன் எதனோடு ஒப்பிட்டுச் சரிசெய்தான்? காலமே வளையுமிடத்தில், எந்தக் காலத்தைக் கொண்டு யந்திரத்தைத் திருத்துவது? இது வீண் வினாவன்று. மெய்யுலகிலும் காலம் வளைகின்றது. அதனைக் காண்பதற்கு வேற்றுலகம் செல்லவேண்டுவதில்லை, மேட்டுப்பாளையம் தாண்டி மலையேறினால் போதும்.

முதலில், கடிகாரத்தைச் சரிபார்த்தல் என்பது யாது என்பதைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். சரியான நேரத்திற்கு முள்ளைத் திருப்பி வைப்பதே சரிபார்த்தல் என்று பலர் எண்ணுகின்றனர். அது திருப்பி வைத்தல் மட்டுமே. ஒரு கடிகாரத்தின் குணத்தை அறிய விரும்புவோன் முள்ளைத் தொடாமல், நாள்தோறும் ஒரே வேளையில் அதனை நம்பத்தக்க வேறொரு கடிகாரத்தோடு ஒப்பிட்டு, எத்தனை விநாடி முந்திற்று, எத்தனை விநாடி பிந்திற்று என்று எழுதிவைக்க வேண்டும். நாள்தோறும் தவறாமல் ஐந்து விநாடி பிந்தும் கடிகாரம் நல்ல கடிகாரம்; அதன் பிழை தெரிந்த பிழை, கழித்துக்கொள்ளலாம். இன்று சரியாகவும், நாளை மூன்று விநாடி முந்தியும், மறுநாள் இரண்டு விநாடி பிந்தியும் ஓடுவதே கெட்ட கடிகாரம். கடலோடிகள் நெட்டாங்கு அறியக் கொண்டுசென்ற நுண்கடிகாரங்களோடு ஒரு குறிப்பேடும் சென்றது இதனாலேதான். பிழையின்மையைத் தேடாமல் பிழையின் ஒழுங்கைத் தேடுவதே இக்கலையின் உயிர்நாடி.

ஒப்பிடுவதற்குரிய மூலம் எது என்பது அடுத்த வினா. நம் முன்னோர்க்கு நாழிகை வட்டில் இருந்தது. அடியில் நுண்துளையிட்ட கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டு, அது நிறைந்து அமிழ்வதைக் கொண்டு இருபத்துநான்கு நிமிஷமாகிய நாழிகையை அளந்தனர். முல்லைப்பாட்டு நாழிகைக் கணக்கரைக் குறிப்பிடுகின்றது. அவ்வட்டிலுக்கும் பிழையுண்டு: நீர் வெதும்பினால் அதன் பிசுக்கம் குறைந்து துளை வழியே சற்று விரைந்து புகும். எனவே வட்டிலை ஞாயிற்றோடு ஒப்பிட்டே திருத்தவேண்டியிருந்தது.

ஞாயிறும் முற்றும் நம்பத்தக்கதன்று. நம் கல்லூரி முற்றத்தில் ஒரு கோலை நேராக நட்டு, அதன் நிழல் சரியாக வடக்குத் தெற்காக விழும் நொடியைக் கையிலுள்ள கடிகாரத்தில் குறித்துப் பாருங்கள். பிப்ரவரி நடுவில் அது பகல் 12 மணி 36 நிமிஷத்திலும், நவம்பர் தொடக்கத்தில் 12 மணி 6 நிமிஷத்திலும் நிகழும். இந்த அரை மணி வேறுபாடு முழுவதும், பூமியின் பாதை வட்டமாயிராமையும் அதன் அச்சுச் சாய்வும் சேர்ந்து விளைப்பது. பிப்ரவரியில் ஞாயிறு 14 நிமிஷம் பிந்துவதும் நவம்பரில் 16 நிமிஷம் முந்துவதும் அதனால் ஆவன. அவ்விரண்டின் நடுவே நிலையாக நிற்கும் 22 நிமிஷம் நம் ஊரின் இருப்பிடத்தால் ஆயது. இந்திய நேரம் 82½ பாகைக் கிழக்கு நெட்டாங்கிற்குரியது. கோயமுத்தூரோ ஏறக்குறைய 77 பாகையில் உள்ளது. பாகை ஒன்றுக்கு நான்கு நிமிஷம்.

இந்திய நேரம் நடைமுறைக்கு வந்தது 1906-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள். அதற்குமுன் இந்நாட்டு இருப்புப் பாதைகள் பெரும்பாலும் சென்னை நேரத்தையே கைக்கொண்டன. 1792-ல் எழுந்த சென்னை வானாராய்ச்சி நிலையத்தில் விண்மீன்களை நோக்கி அறுதியிட்ட நேரம் தந்திக் கம்பி வழியே ஸ்டேஷன்களுக்குச் சென்றது. போத்தனூரில் ரயிலேறியவர் தம் ஊர் ஞாயிற்றுக்கு 13 நிமிஷம் முந்திய ஒரு கடிகாரத்திற்குக் கீழ்ப்படிந்தே ஏறினார். நாழிகை பார்த்து நடந்த குடியானவருக்கு ரயில் என்றும் முன்கூட்டியே புறப்பட்டுவிடுவதாகத் தோன்றியிருக்கும். அதிலே வியப்பென்ன?

இனி அப்பிச்சியின் கடிகாரத்திற்கு வருவோம். ஊசலின் ஆட்டக் காலம் இரண்டைப் பொறுத்தது: ஒன்று ஊசலின் நீளம், மற்றது பூமி அதனை இழுக்கும் வலிமை. ஒரு பக்க ஆட்டத்திற்கு ஒரு விநாடி கொள்ளும் ஊசலின் நீளம் ஏறக்குறைய 994 மில்லிமீட்டர். அதில் ஒரு மில்லிமீட்டர் குறைத்தால் நாளொன்றுக்கு 43 விநாடி முந்தும். குண்டின் அடியிலுள்ள மறையைக் கடிகாரக்காரர் திருகுவது இந்நீளத்தை மாற்றுவதற்கே. எஃகுத் தண்டாயின் வெப்பத்தால் நீளும். பாகை ஒன்றுக்கு நாளில் அரை விநாடி பிந்தும். மலைக்குளிரில் அது சுருங்கி முந்துவதன்றோ முறை? எங்கள் கடிகாரத்தின் தண்டு மரத்தாலானது. மரம் வெப்ப தட்பத்திற்கு அவ்வளவாக அசைந்து கொடுப்பதில்லை. ஆகவே குளிரின் உதவி அதற்குக் கிட்டவில்லை.

எஞ்சியது பூமியின் இழுப்பு. கோயமுத்தூர் கடல் மட்டத்திற்குமேல் ஏறக்குறைய 400 மீட்டரிலும், உதகமண்டலம் 2,200 மீட்டரிலும் உள்ளன. பூமியின் மையத்தினின்று 1,800 மீட்டர் விலகும்பொழுது இழுப்பு சிறிது தளர்கின்றது. அத்தளர்ச்சியால் மட்டும் ஊசல் நாளொன்றுக்கு 24 விநாடி பிந்த வேண்டும். ஆனால் காலின்கீழ் வெறும் வானம் இல்லை; நீலகிரியாகிய பாறைத்திரள் உள்ளது. அதுவும் தன் பங்குக்கு ஊசலை இழுக்கின்றது. அதனையும் கூட்டினால் பிந்துதல் 16 விநாடியளவாகக் குறையும். மலைக்காற்று மென்மையாதலால் ஊசல் ஓரிரு விநாடி மீளும். ஆக, மாதத்திற்கு ஏழு நிமிஷம் என்பது கணக்கோடு ஒத்து வருகின்றது. கடிகாரம் பழுதுபடவில்லை, முதியவர் பிழை செய்யவில்லை, அவர் அதனைக் கோயமுத்தூரின் இழுப்புக்குச் சரிசெய்தார், நாங்கள் அதனை நீலகிரியின் இழுப்பில் மாட்டினோம்.

கருவியின்மேல் பழி சுமத்துவது எங்கள் குடும்பத்தில் மட்டும் நிகழ்ந்ததன்று. 1672-ல் பிரெஞ்சு வானநூலார் ரிஷே என்பவர், பாரிஸில் சரிபார்த்த ஊசற் கடிகாரத்தைத் தென் அமெரிக்கக் கரையிலுள்ள கேயென் என்னும் ஊருக்குக் கொண்டுசென்றார். அங்கே அது நாளொன்றுக்கு இரண்டரை நிமிஷம் பிந்திற்று. அவருடைய கவனக் குறைவோ என்று ஐயுற்றோரும் இருந்தனர். நியூட்டனோ, 1687-ல் வெளிவந்த தம் பெருநூலில், அப்பிந்துதலைப் பூமியின் வடிவத்திற்குச் சான்றாகக் கொண்டார்: சுழலும் பூமி நடுவரையில் பருத்திருத்தலாலும், அங்கே சுழற்சி விரைவு மிகுதலாலும் இழுப்புக் குறைகின்றது என்று காட்டினார்.

நம் நாட்டில் இவ்வாராய்ச்சிக்கு உயிரையே கொடுத்தவர் ஒருவர் உண்டு. சென்னையில் 1802-ல் லாம்டன் தொடங்கிய பெரு முக்கோண அளவையைச் சேர்ந்த காப்டன் பாசெவி, 1865 முதல் இந்தியாவெங்கும் இரண்டு ஊசல்களை எடுத்துச் சென்று, தென்னாட்டிலும் கடற்கரையிலும் உள்ளூரிலுமாக அவற்றின் ஆட்டங்களை எண்ணினார். ஒரு நிலையத்தில் ஆட்டங்களை எண்ணுவதென்பது இராப்பகலாகப் பல நாள் உழைப்பு: வெப்பமானி பார்த்தல், காற்றை வெளியேற்றிய கூட்டினுள் ஊசலை ஆட்டுதல், இரவில் விண்மீன்களைக் கொண்டு துணைக் கடிகாரத்தைத் திருத்துதல். 1871-ல் லடாக்கின் மோரே சமவெளியில், 15,000 அடிக்கு மேற்பட்ட உயரத்தில் அளவெடுத்துக்கொண்டிருந்தபொழுது நோயுற்று அங்கேயே உயிர் துறந்தார். எஞ்சிய வேலையை ஹெவிசைட் என்பவர் முடித்தார். அவர் மோரேயில் எண்ணிய ஆட்டங்கள் சொன்னதென்ன? அவ்வளவு பெரிய மலைத்தொகுதியின் இழுப்பைக் கூட்டிக் கணக்கிட்ட அளவினும் அங்கே இழுப்புக் குறைவாயிருந்தது. மலையின் அடியிலே பொருள் இலேசாக உள்ளது. கப்பல் நீரில் மிதப்பதுபோல் மலையும் தன் வேரை ஆழ ஊன்றி மிதக்கின்றது என்னும் கொள்கைக்கு அது துணை நின்றது. ஊசலின் பிழை எனப்பட்டது, ஒருவரும் தோண்டிப் பார்த்தறியாத ஆழத்தின் செய்தியாய் முடிந்தது.

இதுகாறும் கூறியவை யாவும் யந்திரத்தின் தடுமாற்றமேயன்றிக் காலத்தின் தடுமாற்றம் அல்ல. ஊசல் பிந்திற்று, காலம் பிந்தவில்லை. 1915-ல் ஐன்ஸ்டைன் தம் பொதுச் சார்பியலை வகுத்து முடித்தபொழுது நிலைமை மாறிற்று. இழுப்பு மிக்க இடத்தில் காலமே மெல்லச் செல்லும், மேலே செல்லச் செல்ல விரைந்து ஓடும் என்பது அதன் முடிபு. எனவே நல்ல கடிகாரம் ஒன்றை மலைமேல் வைத்தால் அது முந்தவேண்டும். எவ்வளவு? நம் 1,800 மீட்டருக்குக் கணக்கிட்டால், நாளொன்றுக்கு விநாடியின் நூறு கோடியில் 17 பங்கு. உதகமண்டலத்தில் எண்பது ஆண்டு வாழ்பவர், கோயமுத்தூரில் அவ்வளவு காலம் வாழும் தம் உடன்பிறந்தாரைவிட விநாடியின் ஆயிரத்தில் அரைப் பங்கு மூத்தவராகிவிடுகிறார். ஒரே மலையில் ஊசற் கடிகாரம் பிந்த, மெய்க்காலமோ முந்துகின்றது. ஊசலின் பிந்துதல் மெய்க்காலத்தின் முந்துதலைப்போல் ஏறக்குறைய நூறு கோடி மடங்கு. புயலின் நடுவே ஒரு கொசுவின் ரீங்காரத்தைக் கேட்க முயல்வது போன்றது இது.

கேட்டனர். 1955-ல் இங்கிலாந்தில் சீசிய அணுவின் அதிர்வைக் கொண்டு ஓடும் கடிகாரம் அமைந்தது. அதில் ஊசலில்லை, சுருள்வில்லில்லை. ஓர் அணு சென்னையிலும் மோரேயிலும் ஒரேவகையாகவே அதிரும். 1967 முதல், சீசிய அணுவின் 919,26,31,770 அதிர்வுகள் கொண்டதே ஒரு விநாடி என்றாயிற்று. 1971-ல் ஹாபெலே, கீட்டிங் என்னும் அமெரிக்கர் இருவர் நான்கு சீசியக் கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிவந்தனர். உயரத்தால் காலம் முந்தும். விமானத்தின் வேகமோ, பூமியின் சுழற்சியோடு சேரும்போது பிந்தச் செய்யும், அதற்கு எதிராகும்போது முந்தச் செய்யும். கிழக்கே சுற்றியவை நூறு கோடியில் 59 பங்கு பிந்தின. மேற்கே சுற்றியவை 273 பங்கு முந்தின. 2020-ல் ஜப்பானியர் தோக்கியோவின் 450 மீட்டர் கோபுரத்தின் அடியிலும் முடியிலும் இரண்டு கடிகாரங்களை வைத்து, நாளொன்றுக்கு நூறு கோடியில் நான்கு பங்கே ஆகும் வேறுபாட்டைத் தெளிவாக அளந்துகாட்டினர்.

எனினும், காலம் வளைவதைப் பார்த்து வியப்பது வேறு, வளைவுக்கேற்ப யந்திரத்தை முன்கூட்டியே திருத்தியனுப்புவது வேறு. பின்னதன் வரலாறே எனக்கு மிகப் பிடித்தது. 1977 ஜூன் மாதம் அமெரிக்கர் சீசியக் கடிகாரம் ஏந்திய செயற்கைக்கோள் ஒன்றை ஏறக்குறைய 20,000 கிலோமீட்டர் உயரத்திற்கு ஏவினர். இன்று நம் கைப்பேசிகள் வழிகாட்டப் பயன்படும் அமைப்பின் முன்னோடி அது. மேலே அக்கடிகாரம் நாளொன்றுக்கு விநாடியின் பத்து லட்சத்தில் 38 பங்கு முந்தும் என்பது கணக்கு: உயரத்தால் 45 கூடும், வேகத்தால் 7 குறையும். அச்சிறு பிழையை ஒளி செல்லும் தூரமாக மாற்றினால் 11 கிலோமீட்டருக்கு மேலாகும். டவுன் ஹாலுக்கும் பீளமேட்டு விமான நிலையத்திற்கும் இடைப்பட்ட தூரத்தை ஒத்தது. ஆகவே கடிகாரத்தின் அதிர்வை அவ்வளவு மெதுவாக்கும் கருவியொன்றையும் உடன் அமைத்தனர். ஆனால் ஐன்ஸ்டைன் கணக்கை அத்தனை உறுதியாக நம்பலாமா என்னும் ஐயம் பொறியியலாரிடையே இருந்தது. அதனால் திருத்தும் கருவியை உடனே முடுக்கவில்லை. ஏறக்குறைய இருபது நாள் கடிகாரத்தைத் தன் போக்கில் ஓடவிட்டு, முன்னே நாம் கூறியதுபோல முள்ளைத் தொடாமல் பிழையை மட்டும் எழுதிவந்தனர். கணக்குப்படி ஒரு லட்சங்கோடியில் 446½ பங்கு முந்தவேண்டும். முந்தியது 442½ பங்கு. அதன் பின்னரே கருவி முடுக்கப்பட்டது. அதற்குப் பின்வந்த கோள்களின் கடிகாரங்களைத் தரையிலேயே பிந்தும்படி வைத்து அனுப்புகின்றனர். மேலே சென்றதும் அவை சரியாக ஓடத் தொடங்கும்.

நம் நாட்டு நாவிக் அமைப்பின் கோள்கள் இன்னும் உயரமாக, 36,000 கிலோமீட்டரில் உலவுவன. அங்கே முந்துதல் நாளொன்றுக்கு 46 பங்களவு. அவற்றுள் முதற்கோளில் இருந்த அயல்நாட்டு ருபிடியக் கடிகாரங்கள் மூன்றும் பழுதுற்ற செய்தி 2017-ல் வெளிவந்தது. கடிகாரம் நின்றால் கோள் வழிகாட்டும் தொழிலுக்கு ஆகாது. 2023 மே 29-ஆம் நாள் ஏவப்பட்ட கோளில் ஆமதாபாதில் செய்த நம்முடைய ருபிடியக் கடிகாரம் சென்றது.

உதகமண்டலத்திலும் இத்தொழில் நடைபெறுகின்றது. ஊரையடுத்த முத்தோரையில், பேராசிரியர் கோவிந்த ஸ்வரூப் தலைமையில் எழுந்து 1970 முதல் இயங்கும் ரேடியோ தொலைநோக்கி, 530 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் உடையது. பதினொரு பாகைச் சரிவுள்ள மலைப்பக்கத்தைத் தேடி அதனை அமைத்தனர். அவ்விடத்து அகலாங்கும் பதினொரு பாகையாதலால், தொலைநோக்கியின் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாகிவிடுகின்றது. ஒரே அச்சில் மெல்லத் திரும்பி, விண்மீனை மணிக்கணக்கில் பின்தொடரலாம். மலையே கடிகாரத்தின் ஓர் உறுப்பானது போலும்! அது நோக்கும் பொருள்களுள் ஒழுங்காகத் துடிக்கும் பல்ஸார் விண்மீன்களும் உண்டு. அத்துடிப்பு வந்தடையும் நேரத்தைப் பயன்கொள்ள வேண்டுமானால், பூமி ஞாயிற்றை நெருங்குவதாலும் விலகுவதாலும் இங்குள்ள காலம் அடையும் வளைவையும் கழித்தாக வேண்டும்.

கணக்கு முடிந்த பின்னர், அம்முதியவர் கடைக்குச் சென்றேன். திருப்பிப் பெற்ற கூலியை அவர் கையில் வைத்து, மலையின் இழுப்பைப் பற்றி எனக்குத் தெரிந்தவாறு விளக்கினேன். ஐன்ஸ்டைனைப் பற்றியும் ஆவலோடு தொடங்கினேன்; அவர் கையமர்த்திவிட்டு, கண்ணிலிருந்த பூதக்கண்ணாடியைக் கழற்றியபடி, “அப்போ மலைக்குப் போற கடியாரத்துக்கு மறையை எத்தனை சுத்துங்க ஏத்தணும்?” என்றார். கால் மீட்டர் நீளமுள்ள ஊசலுக்கு, அரை மில்லிமீட்டர் புரியுள்ள மறையாயின், ஆறில் ஒரு சுற்று என்று கணக்கிட்டுச் சொன்னேன். கடைப் பலகையின் உட்புறத்தில், மின்கட்டணத் தேதிக்குக் கீழே, “ஊட்டி — 1/6 மேலே” என்று சுண்ணாம்புக் கட்டியால் எழுதி, “குன்னூருக்குங்க?” என்று கேட்டார்.